வாடகைக்கு மண்ணு ஏத்துறவங்க கவனத்துக்கு: வண்டி மாட்டாம இருக்க, மாட்டுனா மீட்க

ஆர்டர் குடுத்த ஆளு வீட்ல தூங்கிட்டு இருப்பாரு, தோண்டுன ஜேசிபி எப்பவோ ஷெட்டுக்கு போயிருக்கும், ரோட்டுல லைட்ட போட்டுக்கிட்டு போய் மாட்டுறது என்னமோ நம்ம டிப்பர்தான். பதினோரு வருஷமா டிப்பர் வச்சு ஓட்டுறேன், இதுல நான் கத்துக்கிட்ட முதல் பாடம் இதுதான், மண்ணு யாரோடதா வேணா இருக்கட்டும், கேஸுன்னு வந்தா கைக்கு சிக்குறது வண்டியும் டிரைவரும்தான். அதனால புதுசா வண்டி எடுத்தவங்க, டிராக்டர் டிரெய்லர் வச்சிருக்கவங்க, மனைக்கு மண்ணு அடிக்கிறவங்க எல்லாரும் இத ஒருதடவ முழுசா படிச்சிருங்க. தமிழ்நாட்டு நடைமுறைய வச்சுத்தான் எழுதுறேன்.

நான் மாட்டுன கதைய முதல்ல சொல்லிடுறேன். திருட்டு மண்ணெல்லாம் இல்ல, முறையா அனுமதி வாங்குன குவாரிதான், மண்ணு கொண்டு போறதுக்கான அனுமதிச் சீட்டும் கையில இருந்துச்சு. சீட்டுல சாயங்காலம் 4.40 வரைக்கும்னு டைம் போட்டிருந்துச்சு. வழியில பின் டயர் பஞ்சர், ஸ்டெப்னி மாத்தி கிளம்பறதுக்குள்ள அஞ்சு மணி ஆயிருச்சு, டிரைவர் பையன் அதோட நிக்காம ஒரு டீயும் குடிச்சிட்டு வந்திருக்கான். 5.10க்கு பைபாஸ் திரும்புற இடத்துல ஜீப்ப போட்டு நிறுத்திட்டாங்க. "அண்ணே, சீட்டு டைம் முடிஞ்சிருச்சாம், வண்டிய ஆபீஸுக்கு விடச் சொல்றாங்க"ன்னு போன் வருது. அரை மணி நேரம் லேட்டு, அதுக்கு 47 நாள் வண்டி தாலுகா ஆபீஸ் காம்பவுண்டுல கெடந்துச்சு. பஞ்சர் கடைக்காரர்கிட்ட பில்லு வாங்கியிருந்தா கூட ஒரு பிடி கிடைச்சிருக்கும், அதுவும் வாங்கல.

சரி, விஷயத்துக்கு வரேன். நெறைய பேர் என்ன நினைக்கிறாங்கன்னா மணல் அள்ளுனாத்தான் தப்பு, செம்மண்ணு கிராவல் எல்லாம் சும்மா மண்ணுதானேன்னு. அது இல்ல. எம்எம்டிஆர் ஆக்டுன்னு வக்கீலுங்க சொல்ற 1957ஆம் வருஷ சுரங்கம் கனிமச் சட்டம் ஒண்ணு இருக்கு, அதுல கிராவலு, களிமண்ணு, கட்டட கல்லு எல்லாம் சிறு கனிமம். சாதா மண்ணையும் 2000ஆம் வருஷம் பிப்ரவரி 3ஆம் தேதி மத்திய அரசு ஒரு அறிவிக்கை போட்டு இதுக்குள்ள கொண்டு வந்துட்டாங்க, ரோடு, ரயில்வே, கரை, கட்டடம் இதுகளுக்கு நிரப்பவோ சமன் பண்ணவோ பயன்படுத்துற மண்ணு கனிமம்தான்னு. சிறு கனிமத்துக்கு ரூல் போடுற அதிகாரம் மாநிலத்துக்கு, நம்ம ஊர்ல அது 1959ஆம் வருஷ தமிழ்நாடு சிறு கனிம சலுகை விதிகள், அப்புறம் கொண்டு போறது சேத்து வைக்கிறது பத்தி 2011ல தனியா ஒரு விதி வந்துச்சு.

தோண்டுறது ஒரு குற்றம், ஏத்திட்டு போறது தனிக் குற்றம், இத மட்டும் நல்லா மனசுல வச்சுக்கோங்க. எம்எம்டிஆர் சட்டத்துல 4(1)ங்கறது தோண்டுறதுக்கு, 4(1ஏ)ங்கறது ஏத்திட்டு போறதுக்கும் குமிச்சு வைக்கிறதுக்கும். அதனால "நான் தோண்டலைங்க, வாடகைக்கு ஓட்டுறேன்"ங்கற பேச்சு எடுபடாது. ரெண்டுக்கும் தண்டனை 21ஆம் பிரிவுல ஒண்ணுதான், அஞ்சு வருஷம் வரைக்கும் ஜெயிலு, ஹெக்டேருக்கு அஞ்சு லட்சம் வரைக்கும் அபராதம். 2015க்கு முன்னாடி ரெண்டு வருஷம், 25 ஆயிரம்னு இருந்துச்சு, திருத்தம் வந்து இப்படி ஏறிப்போச்சு. ஹெக்டேர் கணக்கு குழி தோண்டுனவனுக்கு பொருந்தும், ஒரு லோடு ஏத்துனவனுக்கு எத்தன ஹெக்டேர்னு போடுவாங்கன்னு எனக்கும் ரொம்ப நாளா சிரிப்புத்தான், ஆனா ஜெயிலு கணக்கு ரெண்டு பேருக்கும் பொதுதான்.

இதோட முடியல. அரசு நிலத்துல, ஆத்துல, கண்மாய்ல இருந்து வந்த மண்ணுன்னா திருட்டு கேஸும் சேரும். முன்னாடி பழைய தண்டனைச் சட்டமான ஐபிசில 379, 2024 ஜூலை 1க்கு அப்புறம் அதுக்கு பதிலா வந்த பிஎன்எஸ்ல 303(2). ஒரே மண்ணுக்கு ரெண்டு கேஸா, இது என்ன நியாயம்னு கேட்டு சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போயாச்சு, 2014ல டெல்லி அரசுக்கும் சஞ்சய்ங்கறவருக்கும் நடந்த வழக்குல ரெண்டும் வேற வேற குற்றம், தனித்தனியா நடத்தலாம்னு சொல்லிட்டாங்க. அரசு சொத்துக்கு சேதம்னு 1992ஆம் வருஷ சட்டத்தையும் சேத்து எஃப்ஐஆர் போடுறது உண்டு. ஆத்து மணலா இருந்து திரும்பத் திரும்ப மாட்டுனா குண்டர் சட்டம் வரைக்கும் போகும், அந்த 1982ஆம் வருஷ சட்டத்தோட பேருக்குள்ளயே மணல் குற்றவாளிகள்ங்கற வார்த்தைய பின்னாடி சேத்து வச்சிருக்காங்க, அதுல போட்டா ஒரு வருஷம் வரைக்கும் உள்ள வைக்கலாம்.

லோடு ஏத்துறதுக்கு முன்னாடி

முதல்ல மண்ணு எங்க இருந்து வருதுன்னு கேளுங்க. பட்டா நிலம்னா உடனே நிம்மதி ஆயிடாதீங்க. "என் நிலம், என் மண்ணு, எவன் கேக்குறது"ன்னு பட்டாகாரர் மீசைய முறுக்குவாரு, ஆனா அவர் நிலத்துல இருந்து வெளிய விக்கிறதுக்கு தோண்டுனாலும் கலெக்டர் அனுமதி வேணும், மைனிங் பிளான் வேணும், சுற்றுச்சூழல் அனுமதி வேணும், அரசுக்கு சீனியரேஜ்ங்கற கனிமக் கட்டணம் கட்டணும். அஞ்சு ஹெக்டேருக்கு கீழ இருக்க சின்ன குவாரிக்கெல்லாம் சுற்றுச்சூழல் அனுமதி தேவையில்லன்னு ஒரு காலத்துல ஓட்டிக்கிட்டு இருந்தாங்க, 2012 பிப்ரவரில தீபக் குமார் வழக்குல சுப்ரீம் கோர்ட் அத நிறுத்திருச்சு. ரோட்டு வேலைக்கு மண்ணுன்னா சுற்றுச்சூழல் அனுமதி வேணாம்னு 2020ல மத்திய அரசு ஒரு விலக்கு குடுத்துச்சு, அதையும் 2024 மார்ச் 21ல சுப்ரீம் கோர்ட் ரத்து பண்ணிருச்சு. இத ஏன் சொல்றேன்னா இன்னமும் சில காண்ட்ராக்டர் ஆளுங்க "ரோட்டு வேலைங்க, கவர்மெண்ட் வேலைங்க, யாரும் கேக்க மாட்டாங்க"ன்னு கூப்பிடுவாங்க. வேலை கவர்மெண்ட் வேலைதான், ஆனா மாட்டுற வண்டி நம்ம வண்டி, அனுமதி உத்தரவு நகல குடுங்க பாப்போம்னு கேட்டுப் பாருங்க, அப்புறம் அந்த போனே வராது.

ஒரே மனைக்குள்ள அஸ்திவாரம் தோண்டி அந்த மண்ண அங்கயே ஒரு மூலையில போட்டு நிரப்புனா அது வேற கதை. 2014 டிசம்பர்ல புனே பில்டர்ஸ் வழக்குல சுப்ரீம் கோர்ட் சொன்னது, 2000ஆம் வருஷ அறிவிக்கையில பயன்பாடு என்னங்கறதுதான் முக்கியம், அஸ்திவாரத்துக்கு தோண்டி அதே இடத்துல போடுற மண்ணெல்லாம் இதுக்குள்ள வராதுன்னு. ஆனா அந்த மண்ணு கேட்ட தாண்டி ரோட்டுக்கு வந்து இன்னொருத்தர் மனைக்கு போகுதுன்னா அப்ப நம்ம வண்டி அதுக்குள்ள வந்துருச்சு. பெரிய கட்டடத்துக்கு பேஸ்மெண்ட் தோண்டி நூறு லோடு வெளிய அடிக்கிறப்ப, கனிமவளத்துறையில கேட்டு பர்மிட் வாங்கிட்டு அடிக்கச் சொல்லுங்க, இல்லன்னா அந்த வேலைய விட்ருங்க.

அடுத்து சீட்டு. நடைச்சீட்டுன்னு பேரு, பில்லுன்னும் சொல்வோம், பர்மிட்டுன்னும் சொல்வோம். இப்ப இதெல்லாம் மிமாஸ்ங்கற கனிமவளத்துறை போர்ட்டல் வழியா ஆன்லைன்ல வருது. டிரைவர் கையில வாங்குன உடனே வண்டிய எடுக்காம ஒரு நிமிஷம் நின்னு பாக்கணும். வண்டி நம்பர் நம்ம நம்பர்தானா, ஒரு எழுத்து மாறியிருந்தாலும் அது நம்ம சீட்டு இல்ல. என்ன கனிமம்னு போட்டிருக்கு, சீட்டுல கிராவல்னு இருந்து பின்னாடி மணல் இருந்தா அத விட மோசமான நிலைமை கிடையாது. சவுடுங்கற ஒரு வகை மண்ணுன்னு சீட்டு போட்டு உள்ள மணல அடிச்ச கதையெல்லாம் ஹைகோர்ட் மதுரை கிளை வரைக்கும் போய் நாறியிருக்கு, அதனால சவுடுன்னாலே அதிகாரிங்க கைய விட்டு அள்ளிப் பாப்பாங்க. எத்தன கன மீட்டரு, எங்க இருந்து எங்க போகுது, எத்தன மணிக்கு கிளம்பி எத்தன மணி வரைக்கும் செல்லும், எல்லாம் பாத்துட்டு போன்ல ஒரு போட்டோ எடுத்து ஓனருக்கு அனுப்பச் சொல்லுங்க. என் வண்டியில இப்ப இது கட்டாயம், போட்டோ வரலைன்னா கியர் போடக்கூடாது.

ஒரே சீட்டுல ரெண்டு நடை அடிக்கிற பழக்கம் இருக்கே, அது டிரைவருக்கு நூறு எரநூறு ஆசை காட்டி செய்ய வைக்கிறது. தேதி எழுதாத சீட்டு, பென்சில்ல எழுதுன சீட்டுன்னு பழைய புக்கு காலத்துல நெறைய நடந்துச்சு. செக் பண்ற எடத்துல ஸ்கேன் பண்ணா இப்ப எல்லாம் வெளிய வந்துரும். வழியில பஞ்சர், பிரேக்டவுன் ஆச்சுன்னா, அந்த எடத்துலயே நின்னு லொகேஷனோட போட்டோ எடுத்து சீட்டு குடுத்த குவாரிக்கு அனுப்பி டைம் பத்தி பேசிட்டு அப்புறம் எடுங்க. நான் செய்யாத வேலை அது.

எடை பத்தி ஒரு வார்த்தை. நம்ம கணக்கு யூனிட்டு, சீட்டு கணக்கு கன மீட்டரு, ஆர்டிஓ கணக்கு டன்னு. ஒரு யூனிட்டுன்னா 100 கன அடி, 2.83 கன மீட்டர் வரும், கிராவல் ஈரமா இருந்தா ஒரு யூனிட்டே கிட்டத்தட்ட அஞ்சு டன் இழுக்கும். ஆறு சக்கர வண்டிக்கு மொத்த எடை 16.2 டன்னா இருந்தத 2018ல 18.5 டன்னாக்குனாங்க, ஆனா உங்க ஆர்சி புக்குல என்ன இருக்கோ அதுதான் உங்களுக்கு. மூணு யூனிட்டு ஏத்துனா மண்ணு மட்டுமே பதினாலு பதினஞ்சு டன், வண்டி எடைய கூட்டிப் பாருங்க. ஓவர்லோடுக்கு மோட்டார் வாகனச் சட்டம் 194ல 20 ஆயிரம், அதுக்கு மேல ஒவ்வொரு டன்னுக்கும் ரெண்டாயிரம், கூடுதல் சரக்க எறக்கிட்டுத்தான் வண்டி நகரும். சீட்டுல ரெண்டு யூனிட்டுக்கு பணம் கட்டிட்டு மூணு யூனிட்டு ஏத்துனா அந்த மூணாவது யூனிட்டு அனுமதி இல்லாத மண்ணு, அதையும் மறந்துராதீங்க.

விவசாயிங்க கண்மாய்ல வண்டல் எடுக்குறதுக்கு இலவச அனுமதி இருக்கு. நஞ்சைக்கு ஏக்கருக்கு 75 கன மீட்டர், அதாவது 25 டிராக்டர் லோடு, புஞ்சைக்கு 90 கன மீட்டர், 30 லோடு. பானை செய்றவங்களுக்கு 60 கன மீட்டர். முன்னாடி இதுக்கு கலெக்டர் ஆபீஸ் வரைக்கும் அலையணும், 2024 ஜூன்ல விதிய திருத்தி தாசில்தாரே குடுக்கலாம்னு ஆக்கிட்டாங்க, ஆன்லைன்ல இ-சேவை வழியா போடலாம். பட்டா, சிட்டா, அடங்கல் கையில வச்சுக்கோங்க. ஆனா இலவசம்ங்கறது வயலுக்குத்தான். அந்த உத்தரவ காட்டிக்கிட்டு பிளாட்டுக்கு மண்ணு அடிக்கிறது, லோடு இவ்வளவுன்னு விக்கிறது, இதுல டிராக்டர்காரங்க மாட்டுறது ரொம்ப சாதாரணம். விவசாய டிராக்டரா பதிவு பண்ண வண்டிய வாடகைக்கு ஓட்டுனா பர்மிட்டு, டாக்ஸு, இன்சூரன்ஸ் எல்லாம் தனியா கேள்வி வரும்.

மண்ணு வாங்குற வீட்டுக்காரங்களுக்கும் இது பொருந்தும். ராத்திரி ரெண்டு மணிக்கு வந்து கொட்டிட்டு காலைல காசு கேக்குற லோடு எப்படி வந்திருக்கும்னு உங்களுக்கே தெரியும். திருட்டுப் பொருள்னு தெரிஞ்சு வாங்குறதுக்கு பிஎன்எஸ் 317 இருக்கு. ஒவ்வொரு லோடுக்கும் சீட்டு நகல் வாங்கி பைல்ல போட்டு வைங்க, அவ்வளவுதான்.

மாட்டியாச்சு, இப்ப என்ன

டிரைவர் வண்டிய விட்டுட்டு ஓடக்கூடாது. எல்லா டிரைவரும் முதல்ல செய்றது இதுதான், சாவிய புடுங்கிட்டு காட்டுக்குள்ள ஓடிருவாங்க. ஓடுனா எஃப்ஐஆர்ல "வண்டிய விட்டுவிட்டு தப்பி ஓடிய"ன்னு எழுதுவாங்க, சீட்டு இருந்தா கூட அப்புறம் யார் நம்புவா. நின்னு, இருக்க பேப்பர காட்டி, யார் நிறுத்துனாங்க, வருவாய்த்துறையா போலீஸா கனிமவளத்துறையான்னு பாத்து வச்சுக்கணும். இதுல ஒரு கூத்து என்னன்னா ஆர்டிஓன்னு சொன்னா ரெண்டு பேர் இருக்காங்க, வண்டிக்கு எஃப்சி குடுக்குற ஆர்டிஓ ஒருத்தர், கோட்டாட்சியர் ஆர்டிஓ இன்னொருத்தர். என் டிரைவர் ஆர்டிஓ பிடிச்சிட்டாருன்னு சொன்னத நம்பி நான் நேரா எஃப்சி ஆபீஸுக்கு போய் நின்னேன்.

வண்டிய பிடிக்கிறப்ப மகஜர்ங்கற பறிமுதல் குறிப்பு எழுதுவாங்க, விஏஓ பெரும்பாலும் சாட்சி கையெழுத்து போடுவாரு. அதுல எத்தன யூனிட்டு, என்ன மண்ணு, எத்தன மணி, எந்த எடம்னு இருக்கும். படிச்சு பாத்துட்டு டிரைவர் கையெழுத்து போடணும், வெத்து பேப்பர்ல போடவே கூடாது. நகல் கேளுங்க. வண்டிய நாலு பக்கமும் போட்டோ எடுங்க, டயர் நம்பரு, பேட்டரி, டூல்ஸ், மீட்டர், டீசல் முள்ளு எல்லாம் தெரியணும், காரணம் கடைசில சொல்றேன்.

எஃப்ஐஆர் போட்டாச்சுன்னா என்னென்ன பிரிவு போட்டிருக்குன்னு பாருங்க, அதுலதான் மத்ததெல்லாம் நிக்கிது. எம்எம்டிஆர் சட்டம் 21(6) படி இது போலீஸ் நேரடியா எடுக்கக்கூடிய குற்றம், அஞ்சு வருஷம் வரைக்கும் தண்டனைங்கறதால ஸ்டேஷன் ஜாமீன் உரிமையா கிடைக்காது. ஓனர் பேரும் எஃப்ஐஆர்ல இருந்தா முன்ஜாமீன் போடணும், புது குற்ற நடைமுறைச் சட்டமான பிஎன்எஸ்எஸ் 482ல செஷன்ஸ் கோர்ட்லயோ ஹைகோர்ட்லயோ. ஏழு வருஷத்துக்கு உள்ள இருக்க குற்றம்ங்கறதால கட்டாயம் கைது பண்ணித்தான் ஆகணும்னு இல்ல, 35(3)ல நோட்டீஸ் குடுத்து கூப்பிடலாம். நோட்டீஸ் வந்தா போயிருங்க, போகாம இருக்குறதுதான் கைதுக்கு வழி.

இன்னொரு விஷயம், 22ஆம் பிரிவு. எம்எம்டிஆர் சட்டத்துல கோர்ட் கேஸ எடுக்கணும்னா அதிகாரம் குடுக்கப்பட்ட அதிகாரி எழுத்துல புகார் குடுக்கணும், வெறும் போலீஸ் ரிப்போர்ட்ட வச்சு எடுக்க முடியாது. சில வக்கீலுங்க இத வச்சே எஃப்ஐஆரையே உடைச்சிரலாம்னு ஆசை காட்டுவாங்க. 2020 டிசம்பர்ல ஜெயந்த் வழக்குல சுப்ரீம் கோர்ட் தெளிவா சொல்லிருச்சு, எஃப்ஐஆர் போடுறதுக்கும் விசாரிக்கிறதுக்கும் 22 தடையில்ல, கோர்ட் கேஸ எடுக்குற கட்டத்துலதான் அந்த கேள்வி வரும், திருட்டு பிரிவுக்கு அந்த தடையே கிடையாதுன்னு.

அபராதம் கட்டி முடிச்சுக்கலாமாங்கறதுதான் எல்லாரும் கேக்குற கேள்வி. எம்எம்டிஆர் சட்டம் 23ஏல அதுக்கு வழி இருக்கு, சமாதானமா ஒரு தொகைய கட்டி குற்றத்த முடிக்கிறது, கேஸ் போடுறதுக்கு முன்னாடியும் பண்ணலாம் போட்டப்புறமும் பண்ணலாம், கட்டுனா அந்த சட்டத்துப்படி மேல கேஸ் நடத்த முடியாது. ஆனா அதே ஜெயந்த் தீர்ப்புல, இப்படி கட்டி முடிச்சாலும் திருட்டு கேஸ் தனியா நிக்கும்னுதான் இருக்கு. அதனால எஃப்ஐஆர்ல 303 இருக்கா இல்லையான்னு பாக்காம பணத்த கட்டிட்டு எல்லாம் முடிஞ்சிருச்சுன்னு வீட்டுக்கு வந்துராதீங்க. கட்டுற பணத்துக்கு அரசு சலான் வேணும், துண்டுச் சீட்டுல ஒரு தொகைய எழுதி "இத குடுத்துட்டு எடுத்துட்டு போ"ன்னு யார் சொன்னாலும் அது 23ஏ இல்ல. மண்ணோட விலை, கட்டணம் இதெல்லாம் 21(5)ல தனியாவும் வசூல் பண்ணலாம்.

வண்டி திரும்ப வர்றதுக்கு இடைக்கால ஒப்படைப்பு மனு போடணும், முன்னாடி பழைய நடைமுறைச் சட்டத்துல 451, இப்ப பிஎன்எஸ்எஸ் 497. எம்எம்டிஆர் சட்டம் 30பில தனி கோர்ட் அமைக்கிறதுக்கு எடம் இருக்கு, அதனால உங்க மாவட்டத்துல மனு எந்த கோர்ட்ல போடணும்னு வக்கீல்கிட்ட முதல்லயே கேட்டுக்கோங்க, தப்பான கோர்ட்ல போட்டு மூணு வாரம் வீணாப்போனவங்கள தெரியும். ஆர்சி, இன்சூரன்ஸ், எஃப்சி, பர்மிட், பைனான்ஸ் இருந்தா அவங்க லெட்டர், நடைச்சீட்டு, மகஜர் நகல் எல்லாம் சேத்து குடுக்கணும். வண்டிய ஸ்டேஷன்ல போட்டு துருப்பிடிக்க விடக்கூடாதுன்னு 2002லயே சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்குல சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கு, வக்கீலுங்க எல்லா மனுவுலயும் அத போடுவாங்க. ஆனா கனிம கேஸ்ல கோர்ட்டுங்க கொஞ்சம் கடுமையாத்தான் பாக்கும், 2018ல மணல் வண்டிகள விடவே கூடாதுன்னு மதுரை கிளை உத்தரவு போட்ட காலமும் இருந்துச்சு. குடுத்தாலும் விக்கக்கூடாது, கலர் மாத்தக்கூடாது, கூப்பிட்டப்ப கொண்டு வரணும், மறுபடி இதே வேலைக்கு விடக்கூடாதுன்னு பாண்டு எழுதி வாங்குவாங்க. இந்த கடைசி நிபந்தனைதான் கத்தி, ரெண்டாவது தடவ மாட்டுனா 21(4ஏ)ல வண்டிய அரசுடைமை ஆக்கச் சொல்லி கேக்குறப்ப நம்ம பக்கம் பேச எதுவும் இருக்காது.

வண்டி உள்ள நிக்கிற காலத்துலயும் ட்யூ ஓடிக்கிட்டே இருக்கும், பைனான்ஸ்காரங்களுக்கு கேஸு கணக்கு இல்ல. முதல் மாசமே போய் நேர்ல சொல்லி எழுதிக் குடுத்துருங்க, ஒளிஞ்சா அவங்க ஒரு பக்கம் சீஸ் பண்ண வந்து நிப்பாங்க.

கோர்ட் ஆர்டர் வாங்கிட்டு வண்டிய எடுக்க போறப்ப மெக்கானிக்க கூட்டிட்டு போங்க. நான் போனப்ப டிப்பர் தொட்டிக்குள்ள மிச்சம் கெடந்த மண்ணுல ஒரு வேப்பங்கன்னு முளைச்சு ரெண்டு இலை விட்டு நின்னுச்சு, பேட்டரி இல்ல, டீசல் முள்ளு கீழ படுத்திருந்துச்சு. நிறுத்துனப்ப போட்டோ எடுத்து வச்சிருந்தா கேட்டிருக்கலாம், எடுக்கல. பேட்டரி மாட்டி ஸ்டார்ட் பண்ணப்புறம்தான் வக்கீல் குமாஸ்தா கேட்டாரு, இன்சூரன்ஸ் தேதி பாத்தீங்களா சார்னு. நாலு நாளைக்கு முன்னாடியே முடிஞ்சிருந்துச்சு, அங்கயே உக்காந்து ஆன்லைன்ல ரினிவல் பண்ணி, அந்த பேப்பர் போனுக்கு வந்தப்புறம்தான் கேட்ட தாண்டி ரோட்டுல எறக்குனேன்.